நாடாளுமன்றத்துக்குள் போக ஒரு பாஸ்: சேலம் வாசகர்களின் கேள்விகளும் பதில்களும்

சென்ற இதழில் டெல்லிச் சுற்றுலா பற்றி எழுதியபோது, “நாடாளுமன்றத்தை வெளியே நின்று பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டியதில்லை, உள்ளேயும் போகலாம்” என்று ஒரு வரி போட்டிருந்தோம். அந்த ஒரு வரிக்காகச் சேலம், ஆத்தூர், ஏற்காடு பக்கமிருந்து வந்த கடிதங்களே இந்தப் பக்கங்களை நிரப்பிவிட்டன. கடிதம் எழுதிய பலர் எந்த ரயில், எந்த ஓட்டல் என்பதிலிருந்து தொடங்குகிறார்கள். முதலில் பேச வேண்டியது பாஸ். அதை யாரிடம் கேட்பது, எந்த மாதத்துக்குக் கேட்பது என்பது தெளிவானால் மற்றவை தாமாக ஒழுங்குக்கு வரும்.

நாங்கள் ஏற்காடு நாகலூர் பக்கம். பாஸுக்கு எம்.பி.யைத்தான் பார்க்க வேண்டும் என்கிறார்கள். சேலம் எம்.பி.யிடம் போனால் போதும் அல்லவா?
— காபித் தோட்டக்காரர் ஒருவர், ஏற்காடு

உங்கள் எம்.பி. சேலம் எம்.பி. அல்ல. ஏற்காடு சட்டமன்றத் தொகுதி கள்ளக்குறிச்சி மக்களவைத் தொகுதியில் இருக்கிறது. இது நம் மாவட்டத்தில் நிறையப் பேருக்குக் குழப்பம் தரும் விஷயம் என்பதால் முழுதாகவே சொல்லிவிடுகிறோம்.

சேலம் மாவட்டத்தில் 11 சட்டமன்றத் தொகுதிகள். அவற்றில் ஓமலூர், எடப்பாடி, சேலம் மேற்கு, சேலம் வடக்கு, சேலம் தெற்கு, வீரபாண்டி ஆகிய 6 மட்டுமே சேலம் மக்களவைத் தொகுதி. ஏற்காடு, ஆத்தூர், கெங்கவல்லி மூன்றும் கள்ளக்குறிச்சியோடு சேர்ந்தவை. மேட்டூர்க்காரர்களுக்கு தர்மபுரி எம்.பி. சங்ககிரிக்காரர்களுக்கு நாமக்கல் எம்.பி. ஆக ஒரே மாவட்டத்துக்கு நான்கு எம்.பி.க்கள். உங்கள் வாக்காளர் அட்டையில் சட்டமன்றத் தொகுதியின் பெயர் இருக்கும்; அதை வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள்.

வேறு தொகுதி எம்.பி. கையெழுத்துப் போடக் கூடாது என்று இல்லை. ஆனால் விண்ணப்பத்தில் அவர், “இவரை எனக்கு நேரில் தெரியும், இவருக்கு நான் பொறுப்பு” என்று உறுதி கொடுக்க வேண்டும். 2023 டிசம்பர் 13 அன்று மக்களவைப் பார்வையாளர் மாடத்திலிருந்து இருவர் அவைக்குள் குதித்துப் புகைக்குப்பியைத் திறந்தார்களே, அவர்கள் உள்ளே வந்ததும் ஒரு எம்.பி.யின் பரிந்துரையில் வாங்கிய பாஸில்தான். அதிலிருந்து முகம் தெரியாதவருக்குக் கையெழுத்துப் போட எந்த எம்.பி.யும் தயங்குவார். அது நியாயமும்கூட. அதனால் உங்கள் தொகுதி அலுவலகத்துக்கு நேரில் போங்கள். ஊராட்சித் தலைவரோ, பள்ளித் தலைமையாசிரியரோ, அலுவலகத்துக்குப் பழக்கமான ஒருவர் கூட வந்தால் வேலை சுலபமாகும்.

மாநிலங்களவையைப் பார்க்க வேண்டுமென்றால் தமிழ்நாட்டிலிருந்து 18 மாநிலங்களவை உறுப்பினர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்குத் தொகுதி எல்லை கிடையாது, யாரிடமும் கேட்கலாம். இரண்டு அவைக்கும் பாஸ் தனித்தனி என்பதை மட்டும் மறக்க வேண்டாம்.

எந்த மாதம் போவது நல்லது? பிள்ளைகளுக்கு மே மாத விடுமுறை இருக்கிறது.
— இல்லத்தரசி, அஸ்தம்பட்டி

மே மாதம் போனால் கட்டடத்தைப் பார்க்கலாம். அவை நடப்பதைப் பார்க்க முடியாது. நம் பள்ளி விடுமுறையும் நாடாளுமன்றக் கூட்டத்தொடரும் ஒத்துப்போவது அபூர்வம். பட்ஜெட் கூட்டத்தொடர் ஜனவரி கடைசியில் தொடங்கி ஏப்ரல் முற்பகுதியில் முடியும். மழைக்காலக் கூட்டத்தொடர் ஜூலை, ஆகஸ்ட். குளிர்காலக் கூட்டத்தொடர் நவம்பர் பிற்பாதியிலோ டிசம்பர் முதலிலோ தொடங்கி, கிறிஸ்துமஸுக்கு முன்பே பெரும்பாலும் முடிந்துவிடும். அரையாண்டுத் தேர்வு முடிந்து பெட்டி கட்டினால் அவை கலைந்திருக்கும்.

பட்ஜெட் கூட்டத்தொடரில் இன்னொரு பொறி உண்டு. பிப்ரவரி நடுவில் அவையை ஒத்திவைத்துவிட்டு மார்ச் இரண்டாம் வாரம் வாக்கில்தான் மறுபடி கூடுவார்கள். இடைப்பட்ட நாட்களில் உறுப்பினர்கள் அடங்கிய நிலைக்குழுக்கள், ஒவ்வொரு அமைச்சகமும் செலவுக்குக் கேட்கும் தொகையை, அதாவது மானியக் கோரிக்கைகளைப் பரிசீலிக்கும், அவை நடக்காது. “பட்ஜெட் சமயம்தானே” என்று பிப்ரவரி கடைசி வாரத்துக்கு டிக்கெட் எடுத்தவர்கள் ஏமாந்து போவது இதனால்தான்.

கூட்டத்தொடருக்குள்ளும் நாள் பார்க்க வேண்டும். முதல் நாள் வேண்டாம். மறைந்த உறுப்பினர்களுக்கு இரங்கல் சொல்லிவிட்டு அவை சீக்கிரமே ஒத்திவைக்கப்படலாம். கடைசி வாரமும் வேண்டாம். குறித்த நாளுக்கு முன்பாகவே காலவரையின்றி ஒத்திவைப்பது வழக்கமாகிவிட்டது. தொடங்கி இரண்டாவது, மூன்றாவது வாரத்தில் செவ்வாய், புதன், வியாழன்தான் எங்கள் சிபாரிசு. சனி, ஞாயிறு சாதாரணமாக அவை கிடையாது. வெள்ளி மதியத்துக்குப் பிறகு தனிநபர் மசோதாக்கள், தீர்மானங்கள் வரும். அமைச்சர் அல்லாத உறுப்பினர்கள் தாங்களே கொண்டுவருபவை அவை. கூட்டம் குறைவாக இருக்கும். ஆனால் பொறுமையாகக் கேட்பவருக்கு அதில் நல்ல விவாதங்கள் கிடைக்கும்.

பிள்ளைகளுக்கு அவையைக் காட்டியே ஆக வேண்டும் என்றால், ஜூலை கடைசியில் பள்ளியில் நான்கைந்து நாள் விடுப்புக் கேளுங்கள். எந்தப் பாடப்புத்தகமும் தராத ஒன்றைப் பார்க்கப் போகிறார்கள் என்று தலைமையாசிரியரிடம் தைரியமாகச் சொல்லலாம்.

கூட்டத்தொடர் தேதியே கடைசியில்தான் அறிவிக்கிறார்கள். ரயில் டிக்கெட் எப்படி எடுப்பது?
— வாசகர், சூரமங்கலம்

உண்மையான சிக்கல்தான். 2024 நவம்பர் 1 முதல் ரயில் முன்பதிவு 60 நாட்களுக்கு முன்னால் திறக்கிறது. கூட்டத்தொடர் தேதியோ சில வாரங்களுக்கு முன்புதான் வரும். இதற்கு ஒரே வழி, பெரும்பாலான ஆண்டுகளில் அவை நடக்கும் நாட்களைக் குறிவைப்பது. பிப்ரவரி முதல் பத்து நாள், மார்ச் கடைசிப் பத்து நாள், ஜூலை கடைசி முதல் ஆகஸ்ட் முதல் வாரம், டிசம்பர் 5 முதல் 15 வரை. இந்த நாட்களில் பெரும்பாலும் அவை இருக்கும். தேதி அறிவிப்பு வந்ததும் ஒத்துப்போகிறதா என்று பார்த்து, இல்லையென்றால் டிக்கெட்டை ரத்து செய்யுங்கள். இரண்டு மாதம் முன்பே எடுத்த டிக்கெட்டை மூன்று வாரம் முன்பு ரத்து செய்தால் பிடித்தம் குறைவு.

சேலம் ஜங்ஷனிலிருந்து புதுடெல்லிக்கு நேராகத் தினமும் போவது கேரளா எக்ஸ்பிரஸ். ரயிலில் இரண்டு இரவு. டிசம்பர், ஜனவரியில் ஆக்ரா தாண்டியதும் மூடுபனியில் வண்டி ஊர்ந்து போகும். பல மணி நேரத் தாமதம் சாதாரணம். அதனால் வந்து சேரும் நாளுக்கும் பாஸ் நாளுக்கும் நடுவே ஒரு முழு நாள் விடுங்கள். சென்னை போய்த் தமிழ்நாடு எக்ஸ்பிரஸ் பிடிப்பதும் உண்டு. பெட்டிகளைத் தூக்கிக்கொண்டு மாறுவதுதான் சிரமம். விமானம் என்றால் ஓமலூர் அருகே காமலாபுரம் விமான நிலையத்திலிருந்து டெல்லிக்கு நேர் விமானம் இல்லை. பெங்களூரு, கோவை, சென்னை மூன்றில் ஒன்றுக்குப் போக வேண்டும்.

பாஸுக்கு என்னென்ன எழுதிக் கொடுக்க வேண்டும்? ஒரு மாதிரிக் கடிதம் கிடைக்குமா?
— தறி உரிமையாளர், அம்மாபேட்டை

கடிதம் தமிழிலேயே இருக்கட்டும். எம்.பி. உங்களூர்க்காரர். ஆனால் உடன் வைக்கும் விவரப் பட்டியல் ஆங்கிலப் பெரிய எழுத்தில் இருக்க வேண்டும்; அது டெல்லியில் மக்களவைச் செயலகத்துக்குப் போகும், அங்கே அதைப் பார்த்துத்தான் பாஸ் அச்சாகும். கடிதம் இந்த அளவு இருந்தால் போதும்:

“மதிப்பிற்குரிய நாடாளுமன்ற உறுப்பினர் அவர்களுக்கு, வணக்கம். நான் தங்கள் தொகுதியில் அம்மாபேட்டையில் வசிக்கும் வாக்காளர். நானும் என் குடும்பத்தினர் மூவரும் குளிர்காலக் கூட்டத்தொடரின்போது டெல்லி வருகிறோம். டிசம்பர் இரண்டாம் வாரம் செவ்வாய், புதன், வியாழன் ஆகிய மூன்று நாட்களில் ஏதாவது ஒரு நாள் மக்களவையைப் பார்க்கப் பார்வையாளர் பாஸ் பெற்றுத் தருமாறு கேட்டுக்கொள்கிறேன். காலை 11 மணி கிடைத்தால் நல்லது. இல்லாவிட்டால் எந்த நேரமும் சம்மதம். பழைய நாடாளுமன்றக் கட்டடமான அரசியலமைப்பு மாளிகையின் மைய மண்டபத்தையும் பார்க்க வழியுண்டா என்று தெரிவிக்கவும். நால்வரின் விவரங்களும் அடையாள அட்டை நகல்களும் இணைத்துள்ளேன்.”

மூன்று நாள் கொடுப்பது முக்கியம். ஒரு எம்.பி. ஒரு நாளைக்குக் கொடுக்கக்கூடிய பாஸுக்கு வரம்பு உண்டு. ஒரே நாளைச் சொன்னால் “அன்றைக்கு முடிந்துவிட்டது” என்ற பதில் வரும். பட்டியலில் ஒவ்வொருவருக்கும் முழுப்பெயர், தந்தை அல்லது கணவர் பெயர், வயது, தொழில், ஊர் முகவரி, டெல்லியில் தங்கும் முகவரி, கைப்பேசி எண் இவ்வளவும் வேண்டும்.

நம் ஊர்க்காரர்கள் மாட்டிக்கொள்ளும் இடம் பெயர்தான். நமக்கு இனிஷியல், அவர்களுக்கு முதல்பெயர், குடும்பப்பெயர். ஆதாரில் ‘முருகன் எஸ்’ என்று இருக்கும், வாக்காளர் அட்டையில் ‘முருகன்’ மட்டும் இருந்து அப்பா பெயர் ‘சுப்ரமணி’ தனி வரியில் வரும், கடிதத்தில் ‘எஸ். முருகன்’ என்று எழுதுவார், டெல்லியில் யாரோ அதை ‘சுப்ரமணி முருகன்’ என்று விரித்துவிடுவார்கள். பாஸில் ஒரு பெயர், கையில் காட்டும் அட்டையில் வேறு பெயர். வாசலில் நிற்கும் காவலருக்கு இனிஷியல் வழக்கம் தெரியாது. தெரிந்தாலும் அவர் விட முடியாது. எந்த அட்டையை வாசலில் காட்டப் போகிறீர்களோ, அதில் உள்ள எழுத்துகளை ஒன்றுவிடாமல் அப்படியே பட்டியலில் எழுதுங்கள். புள்ளி, இடைவெளிகூட மாற வேண்டாம். நகலைக் கொடுக்கும்போது அதன் குறுக்கே “நாடாளுமன்றப் பார்வைக்கு மட்டும்” என்று எழுதித் தேதி போட்டுக் கொடுப்பது நல்ல பழக்கம்.

கொடுத்துவிட்டு வந்ததோடு விடக் கூடாது. கிளம்புவதற்கு ஒரு வாரம் முன்பு தொகுதி அலுவலகத்தில் ஞாபகப்படுத்தி, எம்.பி.யின் டெல்லி உதவியாளர் யார் என்று கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். கடைசி இரண்டு நாளில் உண்மையான வேலை அவர் கையில்தான்.

பாஸுக்குக் கட்டணம் கிடையாது. ‘பார்லிமென்ட் உட்பட’ என்று எழுதிப் பணம் கேட்கும் சுற்றுலா ஏஜென்ட்டிடம், உள்ளேயா வெளியேயா என்று நேராகக் கேளுங்கள். பெரும்பாலும் விஜய் சவுக்கில் பஸ்ஸை நிறுத்தி, விரலால் காட்டிவிட்டுக் கிளம்பிவிடுவார்கள்.

எம்.பி. பாஸ் இல்லாமலே போக முடியாதா?
— கல்லூரி மாணவர், ஓமலூர்

அவை நடக்கும்போது முடியாது. அவை இல்லாத நாட்களில் கட்டடத்தைச் சுற்றிக் காட்ட மக்களவைச் செயலகம் ஏற்பாடு செய்கிறது. பள்ளி, கல்லூரி என்றால் தலைமையாசிரியர் அல்லது முதல்வர் கல்லூரித் தாளில் செயலகத்துக்கு எழுத வேண்டும். மாணவர் பட்டியல், உடன் வரும் ஆசிரியர்கள், தேதி எல்லாம் அதில் இருக்க வேண்டும். உங்கள் துறைத் தலைவரை நாளைக்கே பாருங்கள். கல்லூரிக் கடிதம் கையெழுத்தாக ஆகும் நாட்களையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

மகளுக்கு 8 வயது. கூட்டிப் போகலாமா?
— வாசகி, ஆத்தூர்

அவை மாடத்துக்கு 10 வயதுக்குக் குறைந்த பிள்ளைகளுக்கு அனுமதி இல்லை. பெரியவர் ஒருவர் மாறி மாறி வெளியே இருந்து பார்த்துக்கொள்ள வேண்டும், அல்லது அவை இல்லாத நாளில் சுற்றிப் பார்க்க வர வேண்டும். அந்த வயதுப் பிள்ளைக்கு இரண்டாவதுதான் பொருத்தம். ஒரு மணி நேரம் அசையாமல், பேசாமல் உட்கார்வது அவளுக்குத் தண்டனை.

உள்ளே என்னென்ன கொண்டு போகக் கூடாது?
— மளிகைக் கடைக்காரர், செவ்வாய்ப்பேட்டை

அடையாள அட்டை, பாஸ், மூக்குக் கண்ணாடி, கொஞ்சம் பணம். இவ்வளவோடு போகிறவர் நிம்மதியாகப் போவார். கைப்பேசி, கேமரா, ஸ்மார்ட் வாட்ச், பை, குடை, தண்ணீர் பாட்டில், சாப்பாட்டுப் பொட்டலம், தீப்பெட்டி, லைட்டர் எதுவும் மாடத்துக்குள் ஏறாது. பேனா, புத்தகம், செய்தித்தாளும் வேண்டாம். மாடத்தில் படிக்கவோ எழுதவோ விடமாட்டார்கள்.

நம் பக்கத்துப் பெரியவர்களுக்குத் தனியாகச் சொல்ல வேண்டியவை சில உண்டு. வெற்றிலைப் பையில் பாக்குவெட்டி இருக்கும். அது கத்திக் கணக்கில்தான் வரும். சுண்ணாம்பு டப்பா, மூக்குப்பொடி டப்பாவைத் திறந்து காட்டச் சொல்வார்கள். இடுப்பில் வெள்ளி அரைஞாண், கழுத்தில் செப்புத் தாயத்து இருந்தால் கருவி சத்தம் போடும். பயப்பட ஒன்றுமில்லை, தொட்டுக் காட்டினால் போதும். தோட்ட வேலைக்காரர்கள் சாவிக்கொத்தில் மாட்டியிருக்கும் சின்னக் கத்தியை அறையிலேயே கழற்றி வையுங்கள்.

செருப்பும் ஷூவும் சோதனைக்கு உள்ளாகும். 2023இல் புகைக்குப்பிகளை ஷூவுக்குள்தான் மறைத்துக் கொண்டு வந்தார்கள். சட்டெனக் கழற்றி மாட்டக்கூடியதாகப் போட்டுப் போங்கள். வேட்டி தாராளமாகக் கட்டலாம். கட்சிக் கரை போட்ட வேட்டி, துண்டு, வாசகம் அச்சிட்ட சட்டை, பேட்ஜ் வேண்டாம். மாடத்தில் எந்தக் கட்சி அடையாளமும் தேவையற்ற கேள்விகளைக் கிளப்பும்.

கைப்பேசியை விட்டுவிட்டுப் போவதால் இரண்டு பிரச்சினை வரும். ஒன்று, “ஆதார் போனில் இருக்கிறது” என்பவர் வாசலோடு நிற்க வேண்டும். அசல் அட்டை கையில் இருக்கட்டும். இரண்டு, உள்ளே குடும்பம் பிரிந்துவிட்டால் கூப்பிட வழியில்லை. வெளியே வந்ததும் எந்த இடத்தில் நிற்பது என்று முன்பே பேசி வையுங்கள். ஓட்டல் முகவரியையும் எண்ணையும் ஒரு துண்டுத்தாளில் எழுதி எல்லோர் சட்டைப்பையிலும் போட்டுவிடுங்கள்.

சர்க்கரை நோயாளிகள் காலை உணவை முடித்துவிட்டே வர வேண்டும். மாத்திரை அட்டையோடு மருத்துவர் சீட்டும் இருந்தால் வரவேற்பு அலுவலகத்தில் காட்டிக் கேட்கலாம்.

அந்த ஒரு மணி நேரத்தில் என்ன நடக்கும்? என் அம்மாவுக்குத் தமிழ் மட்டும்தான் தெரியும். அவருக்கு ஏதாவது புரியுமா?
— வங்கி ஊழியர், ஃபேர்லேண்ட்ஸ்

புரியும், கொஞ்சம் முன்வேலை செய்தால். பாஸ் பெரும்பாலும் ஒரு மணி நேரத்துக்குத்தான். அந்த ஒரு மணி நேரத்தில் என்ன வரப்போகிறது என்று தெரிந்துகொண்டு போகிறவருக்கும், தெரியாமல் போகிறவருக்கும் மலைக்கும் மடுவுக்கும் வித்தியாசம்.

மக்களவை காலை 11 மணிக்குக் கூடும். 11 முதல் 12 வரை கேள்வி நேரம். அன்றைக்கு 20 நட்சத்திரக் கேள்விகள் பட்டியலில் இருக்கும். அமைச்சர் எழுந்து வாயால் பதில் சொல்ல வேண்டும், உறுப்பினர்கள் துணைக்கேள்வி கேட்பார்கள். ஒரு மணி நேரத்தில் அந்த இருபதையும் எட்டுவது அரிது. நட்சத்திரமில்லாத கேள்விகள் 230 வரை வரும். அவற்றுக்கு எழுத்தில் மட்டுமே பதில். 12 மணிக்குப் பிறகு பூஜ்ஜிய நேரம்: தொகுதிப் பிரச்சினையை உறுப்பினர் ஓரிரு நிமிடத்தில் சொல்லி முடிக்க வேண்டும். தமிழ்நாட்டு உறுப்பினர்கள் தமிழில் பேசுவதைக் கேட்க வாய்ப்பு இங்கேதான் அதிகம். ஒரு மணிக்கு உணவு இடைவேளை, இரண்டு மணிக்கு மறுபடி கூடி மசோதாக்கள். மாநிலங்களவையில் வரிசை வேறு: 11 மணிக்குப் பூஜ்ஜிய நேரம், 12 மணிக்குக் கேள்வி நேரம். 2014 கடைசியிலிருந்து அப்படி மாற்றிக்கொண்டார்கள்.

அன்றைய அலுவல் பட்டியலும் கேள்விப் பட்டியலும் நாடாளுமன்ற இணையதளத்தில் முந்தைய நாளே வந்துவிடும். கேள்விகள் எந்த அமைச்சகத்துக்கு என்று பாருங்கள். ஜவுளி, ரயில்வே, காபி, மரவள்ளி, எஃகு என்று நம் பக்கம் சம்பந்தப்பட்ட ஒன்று கண்ணில் பட்டால் அம்மாவிடம் முந்தைய இரவே சொல்லி வையுங்கள். பயணத்துக்கு முந்தைய கூட்டத்தொடரில் சன்சத் டிவியில் நான்கைந்து நாள் அவரோடு உட்கார்ந்து பார்த்தால், யார் எங்கே உட்கார்கிறார்கள் என்பது பழகிவிடும். சபாநாயகரின் வலப்பக்கம் ஆளும் தரப்பு, இடப்பக்கம் எதிர்த்தரப்பு. கீழே மேசையில் மக்களவைச் செயலகத்தின் பொதுச் செயலாளரும் அலுவலர்களும். பேசுவதை எழுதுபவர்கள் நடுவில். இவ்வளவு தெரிந்தால் மொழி புரியாத இடத்திலும் நடப்பது புரியும்.

கண்ணால் பார்க்க நிறைய இருக்கிறது. இப்போதைய கட்டடம் முக்கோண வடிவம். 2023 மே 28 அன்று திறந்து, அதே ஆண்டு செப்டம்பர் 19 முதல் அவை அங்கே நடக்கிறது. மக்களவையில் 888 இருக்கை, பச்சைக் கம்பளம், மயில் வடிவம். மாநிலங்களவையில் 384 இருக்கை, சிவப்பு, தாமரை. சபாநாயகர் இருக்கையின் அருகே கண்ணாடிப் பேழையில் நிற்கும் செங்கோலை அம்மா கட்டாயம் தேடுவார். 1947இல் திருவாவடுதுறை ஆதீனம் சார்பில் சென்னையில் உம்மிடி பங்காரு செட்டி நிறுவனத்தார் செய்தது, உச்சியில் நந்தி. அதிகாரக் கைமாற்றத்தின்போது நேருவிடம் தரப்பட்டு, பல காலம் அலகாபாத் அருங்காட்சியகத்தில் இருந்தது.

மாடத்தில் எழுந்து நிற்கக் கூடாது, கைத்தடுப்பில் சாயக் கூடாது, கைதட்டக் கூடாது, கிசுகிசுக்கக் கூடாது. நம் எம்.பி. பேசும்போது கை தானாக எழும். அடக்கிக்கொள்ளுங்கள், அதற்காகவும் வெளியே அனுப்புவார்கள். அவை நடப்புக்கு இடையூறு செய்பவரைக் காவலில் எடுக்கவே விதி இருக்கிறது.

பழைய வட்டக் கட்டடத்தில் பார்க்க இன்னும் என்ன மிச்சம்?
— ஓய்வுபெற்ற ஆசிரியர், குகை

எங்களைக் கேட்டால், ஒரே ஒரு இடம்தான் பார்க்க முடியும் என்றால் அதைத்தான் சொல்வோம். இப்போது அதன் பெயர் சம்விதான் சதன், அதாவது அரசியலமைப்பு மாளிகை. எட்வின் லட்யன்ஸ், ஹெர்பர்ட் பேக்கர் இருவரும் வரைந்தது. 1921 பிப்ரவரி 12 அன்று கன்னாட் கோமகன் அடிக்கல் நாட்டி, 1927 ஜனவரி 18 அன்று இர்வின் பிரபு திறந்தார். 560 அடி விட்டம், சுற்றிலும் 144 தூண்கள், ஒவ்வொன்றும் 27 அடி. 1929 ஏப்ரல் 8 அன்று பகத் சிங்கும் படுகேஷ்வர் தத்தும் மாடத்திலிருந்து குண்டு வீசியது இந்தக் கட்டடத்துக்குள்தான்.

மைய மண்டபத்தில் 1946 டிசம்பர் 9 முதல் அரசியல் நிர்ணய சபை கூடியது. 1950 ஜனவரி 24 அன்று உறுப்பினர்கள் அரசியலமைப்பில் கையெழுத்திட்டார்கள். அந்தச் சபையில் நம் பக்கத்து மனிதரும் உட்கார்ந்திருந்தார்: குமாரமங்கலம் ஜமீன்தார் ப. சுப்பராயன். குமாரமங்கலம் அன்றைக்குச் சேலம் மாவட்டத்தில் இருந்தது. மண்டபத்துச் சுவரில் ராஜாஜியின் படம் இருக்கிறது. பிறந்த தொரப்பள்ளி இன்று கிருஷ்ணகிரி மாவட்டம் என்றாலும், அவர் வழக்கறிஞராகத் தொழில் செய்தது சேலத்தில். 1917 முதல் 1919 வரை நம் நகராட்சித் தலைவராகவும் இருந்தார். அந்தப் படத்தின் கீழே நின்று பிள்ளைகளிடம் இதைச் சொன்னால், டெல்லி தூரத்து ஊராகத் தெரியாது.

ஒரு குறிப்பு: அவை நடக்கும் நாளில் மாட பாஸை வைத்து இங்கே போக முடியாது. மைய மண்டபத்துக்குத் தனி அனுமதி கேட்டுப் பெற வேண்டும். மாதிரிக் கடிதத்தில் அந்த வரியைச் சேர்த்தது அதற்குத்தான்.

அப்பாவுக்கு முழங்கால் வலி. படி ஏற முடியாது.
— வாசகி, வாழப்பாடி

புதிய கட்டடத்தில் லிஃப்ட்டும் சக்கர நாற்காலி போகும் வழியும் உண்டு. பட்டியலில் அவர் பெயருக்கு எதிரே “சக்கர நாற்காலி தேவை” என்று எழுதுங்கள். வாசலிலும் முதலில் அதைச் சொல்லுங்கள். வாசலிலிருந்து இருக்கை வரை நடையும் பல அடுக்குச் சோதனையும் இருக்கும். வீட்டில் சமாளித்துவிடுகிறார் என்பதற்காக இங்கே நடக்க வைக்க வேண்டாம்.

மகளிர் குழுவாக 24 பேர் போகிறோம். ஒரே நாளில் பாஸ் கிடைக்குமா?
— சுய உதவிக் குழு, அயோத்தியாப்பட்டணம்

ஒரே எம்.பி.யிடம் ஒரே நாளில் 24 பாஸ் எதிர்பார்ப்பது கடினம். மூன்று வழி இருக்கிறது. ஆறு ஆறு பேராகப் பிரித்து நான்கு நாள், அல்லது இரண்டு அவை உறுப்பினர்களிடமும் பிரித்துக் கேட்பது. இல்லையென்றால் அவை இல்லாத காலத்தில் குழுவாகச் சுற்றிப் பார்க்க அனுமதி கேட்பது. ஒரே ரயிலில் வந்து ஒன்றாகத் திரும்புகிற குழுவுக்குக் கடைசி வழியே மேல். பாதிப் பேர் பார்த்து, பாதிப் பேர் பார்க்காமல் திரும்பும் மனக்கசப்பு இருக்காது. பெயர்ப் பட்டியலை ஒருவரே தயாரித்து, ஒவ்வொரு அட்டையையும் கையில் வைத்துச் சரிபார்க்க வேண்டும். ஆளுக்கு ஆள் வாட்ஸ்அப்பில் அனுப்பிய பெயரை நம்பினால், இனிஷியல் கதை 24 தடவை நடக்கும்.

பாஸ் 11 மணிக்கு என்றால் எத்தனை மணிக்குப் போக வேண்டும்?
— வாசகர், தம்மம்பட்டி

பத்து மணிக்கு வாசலில் இருங்கள். எந்த வரவேற்பு அலுவலகம், எந்த வாசல் என்று பாஸ் தரும்போதே உதவியாளரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். தவறான வாசலுக்குப் போனால் வளாகத்தைச் சுற்றி நடப்பதிலேயே அரை மணி போய்விடும். மெட்ரோவில் சென்ட்ரல் செக்ரடேரியட் நிலையத்தில் இறங்கலாம். மஞ்சள், ஊதா இரு தடமும் அங்கே வருகின்றன. டிசம்பரில் போகிறவர்கள் ஏற்காட்டுக் குளிரைப் பார்த்தவர்கள்தானே என்று அலட்சியம் வேண்டாம். டெல்லிக் காலைக் குளிர் எலும்பைத் தொடும்; வரிசையில் நிற்பது வெட்டவெளியில்.

உள்ளே போய் உட்கார்ந்த ஐந்தாவது நிமிடம் அமளியில் அவையை ஒத்திவைத்துவிட்டால்?
— வாசகர், மேட்டூர்

நடக்கிறதுதான். 11 மணிக்குக் கூடி, கூச்சலில் 12 மணி வரை ஒத்திவைத்தால் உங்கள் ஒரு மணி நேரம் அதோடு போயிற்று. பாஸ் அடுத்த நேரத்துக்குச் செல்லாது. எம்.பி.யின் உதவியாளருக்கு உடனே போன் செய்து, மதியத்துக்கோ மறுநாளுக்கோ புதிதாகக் கேளுங்கள். அதற்காகத்தான் டெல்லியில் பாஸ் நாளுக்குப் பின்னாலும் ஒரு நாள் கையிருப்பு வைக்கச் சொல்கிறோம். மதியம் 2 மணிக்கு மேல் மசோதா விவாதம் நடக்கும்போது காலை நேரத்தைவிட அமைதி அதிகம். முந்தைய இரண்டு மூன்று நாள் செய்தியைப் பாருங்கள். தினமும் காலையிலேயே ஒத்திவைப்பு என்றால், முன்கூட்டியே மதிய நேரத்துக்கு மாற்றித் தரச் சொல்லிவிடுங்கள்.

டெல்லி வரை போக வசதியில்லை. சென்னையில் சட்டமன்றத்தைப் பார்க்கலாமா?
— வாசகர், எடப்பாடி

பார்க்கலாம். புனித ஜார்ஜ் கோட்டையில் பேரவை நடக்கும் நாட்களில் உங்கள் எம்.எல்.ஏ. மூலம் மாட பாஸ் கேட்க வேண்டும். பேச்சு முழுக்கத் தமிழில் இருக்கும், 234 உறுப்பினர்கள். பட்ஜெட்டுக்குப் பின் துறைவாரியாக மானியக் கோரிக்கை விவாதம் நடக்கும் வாரங்களில் போங்கள். எந்தத் துறை எந்த நாள் என்று முன்பே அறிவித்துவிடுவார்கள். சேலத்திலிருந்து இரவு ரயிலில் கிளம்பினால் காலை அவைக்குப் போய்விட்டு, அன்றிரவே திரும்பலாம். பெயர், அட்டை, பை விஷயத்தில் மேலே சொன்னவை அங்கேயும் பொருந்தும்.